வாளையாறில் நின்ற தாளம்

இப்போது டிரம் வாசிக்கிறவர்கள் என்னைப் பார்த்தால் இரண்டு கேள்வி கேட்கிறார்கள். ஒன்று, கை இரண்டையும் கால் இரண்டையும் ஒன்றோடொன்று பேசாமல் தனித்தனியாக ஓட விடுவதை எப்படிச் சொல்லிக் கொடுத்தீர்கள் என்பது. மற்றது, ஐம்பதுகளில் நாங்கள் பதிவு செய்த ஒரு பாட்டில் முதல் சரணம் முடிந்ததும் டிரம் ஏன் திடீரென்று நிற்கிறது, இரண்டு தாளச் சுற்று கழித்து ஒன்றுமே நடக்காத மாதிரி ஏன் புறப்படுகிறது என்பது. அந்த மௌனத்தில் பிரிவின் துயரம் இருக்கிறது என்று ஒருவர் மேடையில் பேசிக் கைதட்டல் வாங்கினாராம். வாங்கட்டும். இரண்டு கேள்விக்கும் பதில் ஒரு பஸ் டிரைவர்.

நான் தொழில் கற்ற கதை நாலு வரி. கொழிஞ்சாம்பாறைப் பக்கம் கடலைக்காடு வைத்திருந்த குடும்பம் எங்களுடையது. நான் மட்டும் மூணாறில் துரைமார் கிளப்பின் சாமான் அறையைப் பார்த்துக்கொள்ளப் போனேன். அங்கே ஒரு டிரம் செட் சும்மா கிடந்தது. தூசி துடைக்கப் போனவன் நாலு வருஷம் அதன் முன்னாலேயே உட்கார்ந்துவிட்டேன். பிறகு கோயம்புத்தூரில் ஒரு பட ஸ்டூடியோவில் டிரம் நாற்காலி கிடைத்தது. சம்சாரத்துக்குப் பாலக்காட்டில் பள்ளிக்கூட வேலை என்பதால் வீடு பாலக்காட்டில், வேலை கோயம்புத்தூரில், நடுவில் தினமும் ரயில்.

ஸ்டூடியோவில் பாட்டுக்கு இசையமைத்து எங்களை மேய்த்தவர் கல்பாத்திக்காரரான சாமா சார். எட்டு வயலின், ஒரு புல்லாங்குழல், பாடுகிறவர், நான், எல்லோருக்கும் சேர்த்து ஒரே ஒரு மைக். சாமா சாருக்கு அந்த மைக் சம்பந்தி வீட்டுப் பெரியவர் மாதிரி. காலையில் வந்ததும் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு அதன் முன்னால் நின்று, மேல்துண்டால் அதைத் துடைத்து, "சித்தே பொறுத்துக்கணும், ஆரம்பிச்சுடறோம்" என்பார். யாராவது பிசகினால் பிசகினவனைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார். நேராக மைக்கிடம் போய்க் குரலைத் தாழ்த்தி, "குழந்தைகள் தெரியாமப் பண்ணிட்டா, மனசுல வச்சுக்கப்படாது" என்று மன்னிப்புக் கேட்பார். ஐம்பது வயது வயலின்காரர் ஒருவர் அதைக் கேட்டு அழுதே விட்டார். வாசலில் பனங்கற்கண்டு ஜாடி ஒன்று இருக்கும். இருமல் வந்து மைக்கை அவமதித்துவிடக் கூடாது என்பதற்காக, ஆளுக்கு ஒரு கல் வாயில் போட்டுக்கொண்டுதான் உள்ளே போக வேண்டும்.

சாயங்காலங்களில் நான் டிரம் சொல்லிக் கொடுத்தேன். வலது கால் பெரிய டிரம்மை மிதிக்க வேண்டும், இடது கால் ஜோடித் தட்டை மூடித் திறக்க வேண்டும், வலது கை மேல் தட்டில் ஓட வேண்டும், இடது கை சின்ன டிரம்மில் தன் இஷ்டத்துக்குப் பேச வேண்டும். சொல்லும்போது எளிதாகத்தான் இருக்கிறது. ஆனால் மனிதனுடைய கைகால்கள் கூட்டுக் குடும்பம். ஒன்று எழுந்தால் மற்ற மூன்றும் எங்கே போகிறாய் என்று கூடவே எழும்.

அதைப் பிரிக்க நான் மூன்று வழி வைத்திருந்தேன். முதலாவது விசாரிப்பு. வலது காலை மட்டும் மிதிக்க விட்டு, ஆளிடம் ஊர்க்கதை கேட்பேன். கால் ஓடுவதை அவர் மறந்த பிறகே அடுத்த அங்கத்தைத் தொடுவேன். இரண்டாவது தண்ணீர். வேலை இல்லாத தொடை மேல் ஒரு டம்ளர் தண்ணீர் வைப்பேன். சிந்தினால் அந்தக் கால் வேவு பார்க்கிறது என்று அர்த்தம். அடிக்கச் சொல்லிக் கொடுப்பது சுலபம். அடிக்காமல் சும்மா இருக்கச் சொல்லிக் கொடுப்பதில்தான் வாத்தியார் உயிர் போகும். மூன்றாவது, இடது வலது என்று சொல்லவே மாட்டேன். ஒவ்வொரு அங்கத்துக்கும் அந்த ஆளுடைய தொழிலிலிருந்து ஒரு வேலையைக் கொடுத்துவிடுவேன்.

என் முதல் மாணவர் பாலக்காட்டில் ஜவுளிக்கடையும் ஒரு லாரியும் வைத்திருந்த காதர் ராவுத்தர். ஆசை என்றால் அப்படி ஒரு ஆசை. ஆனால் பிறந்ததிலிருந்து துணி அளந்த கைகள் அல்லவா, இரண்டும் சேர்ந்துதான் விரியும், சேர்ந்துதான் மடங்கும். விசாரிப்பில் இன்னொரு சங்கடம். கடையைப் பற்றிக் கேட்பேன், கால் பிரமாதமாக ஓடும். "அந்த நீலச் சேலை சாயம் போகுமுங்களா?" என்பேன். "போகவே போகாது" என்பார், கால் நின்றுவிடும். அவரே விழுந்து விழுந்து சிரித்தார்.

"வாய் யாவாரம் பண்ணுது வாத்தியாரே. காலுக்கு ஈமான் இருக்கு, பொய் சொல்ல வராது."

அப்போதுதான் ஒன்று புரிந்தது. ஒவ்வொரு தொழிலும் ஆளுடைய கைகால்களை ஒவ்வொரு விதமாகக் கட்டிப் போடுகிறது. எந்தத் தொழில் நாலையும் அவிழ்த்து விடுகிறது என்று தேட ஆரம்பித்தேன்.

தேடல் ஒரு விபத்தில் முடிந்தது. ஸ்டூடியோ மாடிப்படியில் வயலின்காரர்களுக்கு என் வித்தையைக் காட்டிக்கொண்டே இறங்கினேன். கை இரண்டும் இரண்டு தாளம், கால் இரண்டும் இரண்டு தாளம். கால்கள் சொன்ன பேச்சைக் கேட்டன. ஒன்று படியில் இறங்கியது, மற்றது இறங்கவில்லை. முழங்கை உடைந்தது. மடக்கக் கூடாது என்று வைத்தியர் வலது கையை நீட்டினபடியே, தோளிலிருந்து மணிக்கட்டு வரை மாவுக்கட்டு போட்டுவிட்டார். தோளைத் தூக்கினால் கை முழுசாக மேலே போகும், இல்லையென்றால் குறுக்கே நீட்டிக்கொண்டு நிற்கும். ரயிலில் எனக்கு இரண்டு பேர் இடம் தேவைப்பட்டது.

மூன்று வாரத்தில் ஒரு பெரிய பாட்டு பதிவாக இருந்தது. சாமா சார் என்னைப் பார்த்தார், கட்டைப் பார்த்தார்.

"நீயே ஒரு ஆளைக் கொண்டு வா. இல்லேன்னா மெட்ராஸுக்கு எழுதிடறேன், கேட்டியோ?"

மதராஸிலிருந்து ஆள் வந்தால் வேலை கச்சிதமாக நடக்கும். ஆனால் வந்தவன் திரும்பிப் போக மாட்டான். அந்த நாற்காலி போனால் எனக்குக் கடலைக்காடுதான் கதி. ஆகவே எனக்குத் தேவைப்பட்டவன் ஒரு பாட்டை மட்டும் சுமாராக வாசித்துவிட்டு ஊர் போய்ச் சேருகிறவன். என்னைவிடக் கொஞ்சம் மட்டமாக வாசித்தால் இன்னும் நல்லது. இதை இன்று வெட்கப்பட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். அன்று வெட்கப்படவில்லை.

என் அக்காவை மறையூரில் கரும்பாலை வைத்திருந்தவருக்குக் கட்டிக் கொடுத்திருந்தது. சம்சாரம் பள்ளிக்கூடம் போய்விடுவாள், சோறு ஊட்டி விட ஆள் வேண்டுமே என்று அங்கே போனேன். மாவுக்கட்டை வைத்தியரிடம் காட்டுவதற்காக மூணாறுக்குப் பஸ் ஏறினேன். கை நீட்டிக்கொண்டிருந்ததால் டிரைவருக்குப் பக்கத்தில்தான் இடம். டிரைவர் பெயர் மாசாணம், நாற்பத்தைந்து வயது இருக்கும். பூர்வீகம் திருநெல்வேலிப் பக்கம். பிறந்ததும் வளர்ந்ததும் எஸ்டேட்டில். மறையூர், மூணாறு, மறையூர் தவிர வேறு சாலையை ஓட்டியதில்லை.

வண்டி ஏற ஆரம்பித்ததும் எனக்கு உடம்பு சிலிர்த்தது. இடது கால் கிளட்சை மிதிக்கிறது. வலது கால் பிரேக்குக்குப் போய்த் திரும்புகிறது. இடது கை கியரோடு மல்லுக்கட்டுகிறது. வலது கை ஸ்டீயரிங்கைச் சுற்றுகிற சுற்றில் வெளியே தொங்கும் ரப்பர் பந்து ஹாரனையும் பிழிந்துவிட்டு வருகிறது. வாய் மட்டும் இவை எதிலும் சம்பந்தப்படாமல், பின்னால் இருந்த அம்மாளிடம் வண்டன்மேட்டு ஏலக்காயைப் பற்றி வம்பளக்கிறது. பத்து வருஷம் நான் தேடிய மனிதர்.

"ஏனுங்கண்ணா, நீங்க டிரம் வாசிப்பீங்களா?"

"நமக்கு ஆரன் அடிக்க மட்டுந்தான் தெரியும் தம்பி."

"அது போதுமுங்க."

மூணாறு கிளப்பிலிருந்து பழைய டிரம் செட்டை இரவல் வாங்கி, அவருடைய பஸ் கூரையிலேயே ஏற்றி வந்து, ஆலைக் கொட்டகையில் வைத்தோம். ஒரு நாள் விட்டு ஒரு நாள் அவருக்கு ஓய்வு. வெல்லம் காய்ச்சுகிறவர்கள் எல்லாம் வேடிக்கை பார்க்கக் கூடினார்கள். மாசாணம் அண்ணன் முக்காலியில் உட்கார்ந்தார், மூச்சை இழுத்தார், நாலு அங்கத்தையும் ஒரே நேரத்தில் போட்டார். தொப்பென்று ஒரு சத்தம். மறுபடியும் தொப். ஒரு மணி நேரம் தொப்தான்.

"ஏண்டா, சோத்தை அள்ளித் திங்கக் கையில்லை, உனக்கு வாத்தியார் வேலை வேறயா?" என்றாள் அக்கா.

மறுபாடத்துக்கு மாசாணம் அண்ணன் வரும்போது தலையில் பஸ் சீட்டைச் சுமந்து வந்தார். கிழிந்துபோன பழைய டிரைவர் சீட்டு. "இது இல்லாம கை கால் எதுவும் நம்ம பேச்சக் கேக்காது மாஸ்டரு" என்றார். சீட்டில் அவரை உட்கார வைத்து, பெரிய டிரம் ஆக்ஸிலேட்டர், ஜோடித் தட்டு கிளட்ச், சின்ன டிரம் கியர், மேல் தட்டு ஸ்டீயரிங் என்று மூன்றாவது வழியைப் பிரயோகித்தேன். இரண்டே நாளில் நாலும் நாலு வழியில் ஓடின. தண்ணீர் டம்ளர் கால் சொட்டுக்கூடச் சிந்தவில்லை.

ஆனால் அண்ணன் டிரம் வாசிக்கவில்லை. மறையூரிலிருந்து மூணாறுக்குப் போய்க்கொண்டிருந்தார். பல்லவி நன்றாகப் புறப்படும். வாகுவரை ஏற்றத்தில் தாளம் மூச்சு வாங்கும். ராஜமலை தாண்டிவிட்டால் தலைதெறிக்க இறங்கும். கொண்டை ஊசி வளைவுக்கு வளைவு கியர் மாற்ற ஒரு உருட்டல். ஒருநாள் சரணத்தின் நடுவில் அப்படியே உறைந்துவிட்டார். என்ன என்று கேட்டால் உதட்டில் விரல் வைத்து, "ஆனை நிக்குது மாஸ்டரு, போவட்டும்" என்றார். போகிற வரை நாங்கள் எல்லோரும் காத்திருந்தோம். ஆலைக்காரர் ஒருவர் அடுப்பை அணைக்கக்கூடப் போனார்.

பழக்கத்தை மாற்ற முடியாது என்று எனக்குத் தெரியும். சாலையை மாற்றலாமே? சமதளமான சாலை வேண்டும். பாலக்காட்டிலிருந்து கோயம்புத்தூருக்கு மலைகளே ஒதுங்கி வழி விட்டிருக்கின்றனவே! அண்ணன் லீவு எழுதிப் போட்டுவிட்டு என்னோடு வந்தார். காதர் ராவுத்தர் லாரியைக் கொடுத்தார். ஜவுளி மூட்டைகளோடு, நான் பின்பக்கம் பார்த்து உட்கார்ந்து கையை ஜன்னலுக்கு வெளியே நீட்டியபடி, கஞ்சிக்கோடு, வாளையாறு, மதுக்கரை என்று நாலைந்து தடவை போய் வந்தோம். முதல் நாள் அண்ணனுக்கு அழுகையே வந்துவிட்டது.

"மலையே இல்லையே மாஸ்டரு. அப்பறம் என்னத்துக்கு டிரைவரு?"

ஆனால் அந்தச் சாலை அவர் காலில் இறங்கிவிட்டது. பல்லவி பாலக்காட்டில் புறப்படும், முதல் சரணம் வாளையாறுக் காட்டில் முடியும், இரண்டாவது சரணம் மதுக்கரையைத் தாண்டும், பாட்டு கோயம்புத்தூர் உக்கடத்தில் போய் நிற்கும். தாளம் நூல் பிடித்த மாதிரி ஓடியது. பாடுகிறவருக்கு ஜலதோஷம் என்று பதிவு கொஞ்ச நாள் தள்ளிப் போனதும் எங்களுக்கு நல்லதாகவே இருந்தது. ஒத்திகைக்குப் பஸ் சீட்டோடு உள்ளே போனோம். அண்ணன் ஜாடியிலிருந்து கைநிறையக் கற்கண்டை அள்ளிக்கொண்டார். வாசித்து முடித்ததும் சாமா சார் அவரைத் திரும்பிப் பார்த்தார். பிசகினவரைப் பார்க்கிற வழக்கம் அவருக்கு இல்லை என்று சொன்னேனே. ஓரமாகத் தள்ளி வைத்திருந்த என் நாற்காலியை நான் திரும்பிப் பார்த்துக்கொண்டேன்.

இதற்கு நடுவில் மாநிலங்களைப் பிரித்திருந்தார்கள். அதுவரை பாலக்காட்டில் இருந்த நானும் கோயம்புத்தூரும் ஒரு ராஜ்யம், மறையூர் அக்கா வேறு ராஜ்யம். இப்போது நானும் அக்காவும் ஒன்று, ஸ்டூடியோ அயல் மாநிலம். பேப்பரில் படித்தேன். டிரம்முக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று மடித்து வைத்துவிட்டேன்.

பதிவு நாள் காலையில் லாரியில் போனோம். புது எல்லையான வாளையாறில், முந்தின நாள் வரை இல்லாத ஒரு மூங்கில் சாலைக்குக் குறுக்கே கிடந்தது. அண்ணன் நிறுத்தினார். காக்கிச் சட்டைக்காரர் ஒருவர் எட்டிப் பார்த்தார், என் கையைப் பார்த்துப் பரிதாபப்பட்டார், மூங்கிலைத் தூக்கினார். போனோம். அண்ணன் மட்டும் கண்ணாடியில் அந்த மூங்கிலை ஒருமுறை பார்த்துக்கொண்டார். நான் அதைப் பெரிதாக நினைக்கவில்லை.

பதிவு தொடங்கியது. பல்லவி கச்சிதம். முதல் சரணம் அதைவிடக் கச்சிதம். நான் அண்ணனுக்கு எதிரே, தடுப்புப் பலகை மேல் மாவுக்கட்டை வைத்துக்கொண்டு நின்றிருந்தேன். சரணம் முடிந்தது. வயலின்கள் எழும்பின. டிரம் நின்றது.

நின்றது என்றால் வண்டி நிற்கிற மாதிரி நின்றது. வலது கால் எடுத்தார், இடது கால் அழுத்தினார், இடது கையால் கியரைத் தள்ளிவிட்டார், வலது கையால் வேட்டியைச் சரிசெய்துகொண்டார். பிறகு மரியாதையாக நிமிர்ந்து என்னைப் பார்த்தார். வயலின்காரர்கள் பயந்து ஒவ்வொருவராக ஓய்ந்தார்கள். புல்லாங்குழல்காரர் மட்டும் கண்ணை மூடியிருந்ததால் ஒன்றும் தெரியாமல் ஊதிக்கொண்டிருந்தார். சாமா சாரின் கை அந்தரத்தில் நின்றது. என் நாற்காலி, ரயில், பாலக்காட்டு வீடு எல்லாம் என் கண்முன் கடலைக்காடாக மாறிக்கொண்டிருந்தன.

அண்ணன் பார்த்தது என்னை அல்ல, என் கையை. வெள்ளையாக, நீளமாக, அவருடைய வழிக்குக் குறுக்கே கிடந்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. தோளை எக்கிக் கையை மேலே தூக்கினேன். அண்ணன் தலையசைத்தார், முதல் கியர் போட்டார், சின்ன டிரம்மில் ஒரு உருட்டல், வண்டி கிளம்பியது. சரியாக இரண்டு சுற்று, மயிரிழை பிசகவில்லை. பாடுகிறவர் சரணத்தைப் பிடித்துக்கொண்டார்.

முடிந்ததும் எல்லோரும் மைக்கையே பார்த்தோம். சாமா சார் மைக்கிடம் போகவில்லை. பஸ் சீட்டுக்கு முன்னால் வந்து நின்றார்.

"ஓய், அங்க எதுக்கு நிறுத்தினேர்?"

"செக்போஸ்டு சாமி."

"யாரு திறந்து விட்டா?"

"இவுகதான்."

சாமா சார் என் கையை மேலும் கீழும் பார்த்தார். மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அதன் பிறகுதான் மைக்கிடம் போய், "இன்னொரு தரம் வரோம். செக்போஸ்ட் இருக்கட்டும். புல்லாங்குழல் மட்டும் ஊதட்டும்" என்றார்.

அடுத்த தடவை அண்ணன் நிற்காமல் போய்விட்டார். "ஒருக்கா பாத்துட்டாகல்ல மாஸ்டரு, மறுபடி எதுக்கு?" என்றார். ஒவ்வொரு தடவையும் சோதனை உண்டு என்று சட்டம் சொல்லி, கையை விறைப்பாகக் குறுக்கே நீட்டி, நாலு தடவை நிறுத்தி நாலு தடவை திறந்துவிட்டேன். டிரம்காரனாக இருந்த எனக்கு அந்தப் பாட்டில் வாளையாறு உத்தியோகம்தான்.

கடைசியில் நான் பயந்தது நடந்தது. "மாசாணம், நீர் இங்கயே இருந்துடுமேன்" என்றார் சாமா சார். நான் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். யாரும் என்னைப் பார்க்கவில்லை. அண்ணன் சீட்டைத் தலையில் தூக்கிக்கொண்டார்.

"இல்ல சாமி. இங்க போன தடத்துலயே திருப்பித் திருப்பிப் போகச் சொல்றீக. ஏறி உக்காந்த சனம் எப்பத்தான் எறங்குறது?"

அந்தப் பதிலைச் சொல்லிச் சொல்லி ஸ்டூடியோவே ஒரு வாரம் சிரித்தது. நானும் சிரித்தேன், எல்லோரையும்விடச் சத்தமாக. கட்டுப் பிரித்ததும் என் நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். இருபத்தேழு வருஷம் எழுந்திருக்கவில்லை.

சில வருஷம் கழித்து அக்கா மகள் கல்யாணத்துக்கு மறையூர் போனேன். மூணாறு பஸ்ஸில் அதே இடம், அதே அண்ணன், தலை மட்டும் நரைத்திருந்தது. எங்கள் பாட்டை முணுமுணுத்துக்கொண்டே ஓட்டினார்.

"ஏனுங்கண்ணா, அன்னைக்கு ஸ்டூடியோவுல இருக்காம வந்துட்டமேன்னு வருத்தம் இல்லீங்களா?"

அவர் கியரை மாற்றினார். சாலையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"சாமி என்னய இருக்கச் சொன்னாகல்ல, அப்ப உங்க கட்டுக்கை ஆடுச்சு மாஸ்டரு. கிடுகிடுன்னு ஆடுச்சு. ஆடுற தடிக்குக் கீழ வண்டிய விடலாமா? இருக்கவுக தலையில விழுந்துரும்ல."

 இவரை மட்டமான ஆளாக இருக்கட்டும் என்று தேடிப் பிடித்தவன் நான். அன்று நாலு அங்கமும் எனக்கு அடங்கியிருந்தது என்று நினைத்திருந்தேன். மாவுக்கட்டுக்குள் இருந்த கை என்னைக் காட்டிக் கொடுத்ததை ஒருவர் மட்டும் பார்த்திருக்கிறார். பார்த்துவிட்டுச் சீட்டைத் தூக்கிக்கொண்டு போய்விட்டிருக்கிறார்.

வாகுவரை தாண்டி, கடையோ ஆளோ இல்லாத ஒரு வளைவில் முணுமுணுப்பு நின்றது. வண்டியும் நின்றது. நான் எட்டிப் பார்த்தேன். யானை இல்லை. பின்னால் இருந்த கொழுந்து பறிக்கிற பெண், புது ஆளுக்குச் சொல்கிற பொறுமையோடு, "ஒண்ணுமில்லங்கய்யா, செக்போஸ்டு. தெனமும் நிப்பாட்டுவாக. இந்தா போயிரும்" என்றாள்.

அண்ணன் மரியாதையாக நிமிர்ந்து என்னைப் பார்த்தார்.  என் வலது கை தானாகவே எழுந்து கூரையைத் தொட்டது. அண்ணன் தலையசைத்து முதல் கியர் போட்டார்.